ரிஷபத்துக்குச் சம்மதம்

பிப்ரவரி ஒன்பதாம் தேதித் தாளில் ரிஷபத்துக்கு நேராக ‘சம்மதம்’ என்று போட்டிருந்தது. பொன்னுத்தங்கம் கண்ணாடியை மாட்டிக்கொண்டு காலண்டருக்கு முன்னால் நின்று, ராசிபலனை நிதானமாகப் படித்தாள். படித்துவிட்டுத் திரும்பினாள். கணவர் நீட்டிய கிரயப் பத்திரத்தைப் பார்த்து, கையெழுத்துப் போட முடியாது என்று சொல்லிவிட்டு மாவு கரைக்கப் போனாள்.

செந்தூர்பாண்டிக்கு இது புரியவில்லை. அவளுக்கு ரிஷப ராசி. காலையில் ராசிபலன் பார்க்காமல் அவள் வாசல் தாண்ட மாட்டாள். அந்தத் தாளில் ‘சம்மதம்’ என்று அச்சடித்ததோ அவரேதான். எல்லாம் சரியாக இருந்தது. ஆனால் வேலை செய்யவில்லை.

சிவகாசியில் அவர் இருபத்தாறு வருடமாகக் காலண்டர் அச்சடிக்கிறார். மெஷின் ஓடாவிட்டால் ஏன் ஓடவில்லை என்று கண்டுபிடிக்காமல் சாப்பிடப் போகாதவர். மை தடிக்கிறதா, தாள் ஈரமா, ரப்பர் தேய்ந்திருக்கிறதா என்று ஒவ்வொன்றாகக் கழித்துக்கொண்டே வருவார். கடைசியில் மிஞ்சுவதுதான் பழுது. இதையும் அப்படியே பார்த்துவிடலாம் என்று நினைத்தார்.

தினசரி காலண்டரின் ஒரு தாளில் எம்புட்டுச் சரக்கு இருக்கிறது என்பதை அதைக் கிழித்துப் போடுகிறவர்கள் கவனிப்பதில்லை. மேலே மாதம், நடுவில் தேதி, பக்கத்தில் தமிழ்த் தேதி, திதி, நட்சத்திரம், நல்ல நேரம், ராகு காலம், எமகண்டம். இவ்வளவும் போக அடியில் இரண்டு விரல் அகலத்துக்குத்தான் இடம் மிஞ்சும். அதில் பன்னிரண்டு ராசிகளும் இரண்டு வரிசையாக உட்கார வேண்டும். ராசியின் பெயரைப் போட்டபின் ஒவ்வொன்றுக்கும் ஐந்தாறு எழுத்துக்குத்தான் இடம். வெளியூர்ப் பயணத்தால் சிறு ஆதாயம் உண்டு என்றும், அங்கே உறவினரால் மனக்கசப்பு வரலாம் என்றும் ஜோசியர் கண்ணுச்சாமி விரிவாகவே சொல்வார். தாளில் ‘பயணம்’ என்றுதான் வரும். ஒரு மனிதனுடைய ஒரு நாள் ஒரே சொல்லாகச் சுருங்கிப்போனதற்குக் காரணம் கிரகங்கள் இல்லை, இடப் பற்றாக்குறை.

அந்தச் சொற்களைக் கண்ணுச்சாமி நீள நோட்டில் எழுதிக்கொடுப்பார். அச்சகத்தில் பன்னிரண்டு வருடமாக இருக்கும் செல்லக்கனி அதைக் கம்ப்யூட்டரில் ஏற்றுவாள். அச்சில் ஒரு பெரிய தாளுக்குள் முப்பத்திரண்டு தேதிகள் பக்கம் பக்கமாக உட்காரும். ஓட்டி முடித்து, வெட்டி, தேதி வரிசையில் அடுக்கி, மேலே தகரப் பட்டை வைத்து அடித்து, சாமி படம் போட்ட அட்டையில் இறுக்கினால் காலண்டர். ஜவுளிக்கடைக்காரரும் உரக்கடைக்காரரும் தங்கள் பெயரைப் போட்டு வாங்கிப்போய் வாடிக்கையாளர்களுக்குக் கொடுப்பார்கள்.

இதில் ஒரு சிக்கல். ஒரு தேதியில் ஒரு சொல்லை மாற்றினால் இருபதாயிரம் வீட்டுச் சுவர்களில் அது மாறிவிடும். ஒரே ஒரு வீட்டில் மட்டும் மாற வேண்டும் என்றால் என்ன செய்வது? செந்தூர்பாண்டி கண்டுபிடித்த வழி எளிமையானது. ஆர்டர் கொடுப்பவர்களுக்கு மாதிரி காட்டுவதற்கென்று அச்சகத்தில் ஒரு கலர் பிரிண்டர் இருந்தது. காலண்டருக்குப் போடும் அதே தாளை அளவாக வெட்டி அதில் கொடுத்தால், ஏழு தாள் அடிக்க ஐந்து நிமிடம் போதும். வீட்டுக் காலண்டரில் மட்டும் தகரப் பட்டையை ஆணி அடித்து இறுக்காமல் இரண்டு குட்டி போல்ட் போட்டு வைத்தார். போல்ட்டைக் கழற்றினால் பட்டை தூக்கிக்கொண்டு வரும். வெள்ளிக்கிழமை சாயங்காலம் பொன்னுத்தங்கம் மாரியம்மன் கோயிலுக்குப் போய்வர முக்கால் மணி நேரம் ஆகும். அதற்குள் அடுத்த ஏழு நாளின் தாள்களை எடுத்துவிட்டுத் தன்னுடைய ஏழு தாளை வைத்து முடுக்கிவிடலாம். ஜனவரி முதல் வாரத்திலிருந்து இப்படித்தான் நடந்துகொண்டிருந்தது.

எல்லாம் நாலு ஏக்கர் நிலத்துக்காக.

சாத்தூர்ப் பக்கம் அச்சங்குளத்தில் பொன்னுத்தங்கத்துக்கு அவள் அப்பா எழுதிவைத்த கரிசல் அது. விதைத்துப் பல வருடமாகிவிட்டது; வேலிக்கருவை மண்டிக் கிடந்தது. அதன் மேற்கே அய்யாதுரையின் வெடி ஆபீஸ். பட்டாசுத் தொழிற்சாலையை அந்தப் பக்கத்தில் அப்படித்தான் சொல்வார்கள். அதில் பெரிய கட்டடம் எதுவும் இருக்காது. சின்னச் சின்ன அறைகள் தள்ளித் தள்ளி நிற்கும். ஓர் அறைக்கும் அடுத்த அறைக்கும் நடுவில் இத்தனை மீட்டர், கடைசி அறைக்கும் வேலிக்கும் நடுவில் இத்தனை மீட்டர் என்று காலி இடம் விட்டாக வேண்டும். ஓர் அறையில் பற்றினால் அது பக்கத்து அறைக்குத் தாவக் கூடாது. ஆகவே வெடி ஆபீஸ்காரர் வாங்குகிற நிலத்தில் பெரும்பகுதி, எதுவுமே செய்யாமல் சும்மா கிடப்பதற்காகவே வாங்கப்படுகிறது. அய்யாதுரை கிழக்கே எட்டு அறைகள் கூட்ட விரும்பினார். அறை கட்ட அவரிடம் இடம் இருந்தது. அறையைத் தாண்டி விட வேண்டிய காலி இடம் இல்லை. அது பொன்னுத்தங்கத்தின் வேலிக்கருவைக்குள் இருந்தது.

நல்ல விலை சொன்னார். செந்தூர்பாண்டி அதில் பாதியைத்தான் மனைவியிடம் சொன்னார். மறைத்த பாதியை நம்பி, நாரணாபுரம் ரோட்டில் ஓர் அச்சகத்தில் விலைக்கு வந்த பழைய நாலு கலர் மெஷினுக்கு அட்வான்ஸும் கொடுத்துவிட்டார். மாதக் கடைசிக்குள் மீதியைக் கட்டாவிட்டால் அட்வான்ஸ் திரும்பாது என்று பேச்சு. மனைவிக்குச் சொன்ன மறுபாதியையாவது அவளிடம் கொடுப்பாரா என்றால், மெஷின் வைக்க ஷெட் போட வேண்டாமா?

அய்யாதுரைக்கும் அவசரம்தான். மாசிக்குள் முடிந்தால்தான் சூலக்கரையில் இருக்கும் மாவட்ட ஆபீஸிலிருந்து அதிகாரிகள் அளக்க வந்து, அனுமதி கிடைத்து, சீசனுக்கு அறைகள் தயாராகும். பிப்ரவரிக்குள் பேச்சு முடியாவிட்டால் மேற்கே ஆண்டிச்சாமியின் நிலத்தைப் பார்த்துக்கொள்வதாகச் சொல்லிவிட்டார்.

பொன்னுத்தங்கத்தின் பெயரில் மிஞ்சியிருந்தது அந்த நிலம் ஒன்றுதான். கல்யாணத்துக்குப் போட்ட சங்கிலி ஒற்றைக் கலர் மெஷினாக மாறியது. எட்டு வளையல் கட்டிங் மெஷினானது. ஆயுத பூஜைக்கு அச்சகத்துக்கு வந்தால் மற்ற மெஷின்களை விட்டுவிட்டுக் கட்டிங் மெஷினின் கைப்பிடியைத் தடவிப் பார்த்துவிட்டுப் போவாள். இருபத்தெட்டு வருடக் குடித்தனத்தில் கடைசிப் பத்து வருடம் இருவரும் பேசிக்கொண்டது பெரும்பாலும் கரண்ட் பில், சிலிண்டர் பற்றித்தான். சண்டை போட்டாலாவது ஒருவர் நினைப்பது மற்றவருக்குத் தெரிந்திருக்கும். அதுவும் இல்லை.

முதல் சந்தேகம் பொன்னுத்தங்கத்தின் கண்பார்வைமேல் விழுந்தது. ராசிபலனின் எழுத்து பொடியானது. அவள் கண்ணாடியோ எட்டு வருடப் பழசு. செந்தூர்பாண்டி கல்யாணமானதிலிருந்து முதல் தடவையாக மனைவியைக் கண்ணாடிக் கடைக்குக் கூட்டிக்கொண்டு போனார். அவள் ஒன்றும் கேட்காமல் வந்தாள். கடையிலிருந்த விலை உயர்ந்த பிரேமைக் காட்டி அதைக் கொடுக்கச் சொன்னாள். இனி எறும்பு ஊர்வதுகூடத் தெரியும் என்றார் கடைக்காரர்.

கண்ணாடி வந்தபின் நிலைமை மோசமானது. அதுவரை தோசைக்குச் சட்னியாவது இருந்தது.

அடுத்து, அவள் ராசிபலனுக்கு உண்மையிலேயே கட்டுப்படுகிறாளா என்று சோதிக்க வேண்டியிருந்தது. பழுது பார்க்கிறவர்கள் எடுத்த எடுப்பில் பெரிய மெஷினை ஓட்டிப் பார்ப்பதில்லை. ஒரு தாளை விட்டுப் பார்ப்பார்கள். பதினேழாம் தேதி ரிஷபத்துக்கு ‘மௌனம்’ என்று போட்டார். அன்று அவள் ஓசூரில் இருக்கும் மகளிடம் போனில் ஒன்றரை மணி நேரம் பேசினாள். பதினெட்டாம் தேதி ‘பணிவு’. அன்று அவரை மாடிக்கு ஏற்றி, தண்ணீர்த் தொட்டிக்குள் இறங்கிப் பாசி சுரண்டச் சொன்னாள். பத்தொன்பதாம் தேதி ‘சிக்கனம்’. அன்று பங்குனிப் பொங்கலுக்கு நன்கொடை கேட்டு வந்தவர்களிடம், அவர் அச்சகத்தில்தான் இருப்பார், இன்றைக்குப் போனால் கட்டாயம் கிடைக்கும் என்று வழி சொல்லி அனுப்பினாள். பதினோரு பேர் மேளத்தோடு வந்து இறங்கினார்கள்.

இந்தச் சோதனைகளில் செந்தூர்பாண்டி குறித்துக்கொள்ளாத விஷயம் ஒன்று உண்டு. அவருடைய ராசி துலாம். கண்ணுச்சாமியின் நோட்டில் துலாத்துக்கு அந்த இரண்டு மாதமும் அலைச்சல், பகை, விரயம் என்றுதான் இருந்தது. இருபதாயிரம் காலண்டரில் அது அப்படியே போய்விட்டது. தன் வீட்டுச் சுவரில் தொங்குகிற ஒற்றைக் காலண்டரில் அதை ஏன் போட வேண்டும்? மாற்றுவதோ மாற்றுகிறோம், செலவும் இல்லை. ஜனவரியிலிருந்து துலாத்துக்கு வரவு, லாபம், புகழ், வெற்றி, தனம் என்றே போட்டுக்கொண்டு வந்தார். பதினேழாம் தேதி தனக்கு ‘விருந்து’ என்று போட்டார். அன்று வீட்டில் அடுப்பே பற்றவில்லை, பரோட்டாக் கடையில் சாப்பிட்டார். பதினெட்டு ‘ஓய்வு’. பத்தொன்பது ‘வரவு’. ராசிபலனில் அவருக்கு நம்பிக்கை கிடையாது. சமைக்கிறவன் சமையலை நம்ப முடியாது என்று சொல்லிக்கொள்வார். ஆனாலும் தன் பெயருக்கு நேராகக் கெட்ட சொல்லைப் போடக் கை வரவில்லை.

இருபதாம் தேதி வெள்ளிக்கிழமை காலையில், வேறு வழியில்லாமல் விஷயத்தைச் செல்லக்கனியிடம் சொன்னார். வாராவாரம் ஏழு தாள் எதற்கு அடிக்கிறார் என்பது அவளுக்கு இரண்டாவது வாரமே தெரியும். கேட்டுவிட்டு, கம்ப்யூட்டரிலிருந்து கண்ணை எடுக்காமல் ஒரு யோசனை சொன்னாள்.

“கல்யாணத்துக்குச் சாதகத்தைக் கொஞ்சம் அங்கிட்டு இங்கிட்டு நகட்டுறது உண்டுல்ல அண்ணாச்சி. மாமியாருக்கு ஆகாதுன்னு எங்க அக்காவுக்கு ஆயில்யத்தை மகமாக்கித்தான் கட்டிக்குடுத்தாக. கடகம் சிம்மமாயிருச்சு. இப்ப அவளுக்கே எது நெசம்னு சந்தேகம். உங்க வீட்லயும் அப்படி ரிஷபமா இல்லாம இருந்தா?”

செந்தூர்பாண்டிக்கு விளக்கு எரிந்த மாதிரி இருந்தது. இருபத்தெட்டு வருடமாகத் தன்னை ஏமாற்றியிருக்கிறார்கள் என்று மாமனார்மேல் கோபம்கூட வந்தது. அவள் தன்னுடைய உண்மையான ராசியை ரகசியமாகப் பார்த்துக்கொண்டிருக்கிறாள். அது எது? கேட்க முடியாது. கண்டுபிடிக்க நாளும் இல்லை. தெரியாத பூட்டுக்கு எல்லாச் சாவியையும் போட்டுப் பார்க்க வேண்டியதுதான்.

இருபத்தாறாம் தேதி வியாழக்கிழமையைத் தேர்ந்தெடுத்தார்கள். மேஷத்துக்கு இணக்கம், ரிஷபத்துக்குச் சம்மதம், மிதுனத்துக்கு ஒப்புதல், கடகத்துக்குத் தாராளம், சிம்மத்துக்கு ஈகை, கன்னிக்குப் பணிவு, விருச்சிகத்துக்கு இரக்கம், தனுசுக்கு உடன்பாடு, மகரத்துக்கு அனுசரிப்பு, கும்பத்துக்குக் கொடை. மீனத்துக்கு ‘விட்டுக்கொடுத்தல்’ என்று யோசித்தார்கள். இடத்தில் அடங்கவில்லை. ‘சரி’ என்று போட்டார்கள். அந்தத் தாளின்படி அன்றைக்கு உலகத்தில் பன்னிரண்டில் பதினோரு பங்கு ஜனங்கள் எதற்கும் தலையாட்டத் தயாராக இருந்தார்கள்.

துலாத்துக்கு வழக்கம்போல ‘லாபம்’ போடச் சொன்னார். செல்லக்கனி கையை எடுத்துவிட்டாள்.

“ஒரு தாளுன்னா நாலு பேருக்காவது கெட்டது இருக்கணும் அண்ணாச்சி. பன்னெண்டும் நல்லதா இருந்தா யாரு நம்புவா? ஒண்ணாவது வேணும்.”

மீதி இருந்தது ஒரே ராசி. செந்தூர்பாண்டி எழுந்து போய்க் கட்டிங் மெஷினுக்கு எண்ணெய் போட்டார். மத்தியானம் திரும்பி வந்து, இது நிஜமான காலண்டர் இல்லை, ஒரே தாள், ஒரே நாள் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டார். நஷ்டம் என்றாள் செல்லக்கனி. நஷ்டம் பெரிய வார்த்தை என்று அவர் பேரம் பேசி, ‘விரயம்’ என்று போடச் சம்மதித்தார். அதையும் மற்ற ராசிகளைவிட அரைப் பாயின்ட் சின்ன எழுத்தில் போடச் சொன்னார். அன்று சாயங்காலம் போல்ட்டைக் கழற்றி, தாள்களை வைத்து, முடுக்கினார்.

இருபத்தாறாம் தேதி காலை பொன்னுத்தங்கம் முந்தின நாளைக் கிழித்தாள். புதுக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு படித்தாள். கொஞ்சம் கிட்டத்தில் போய் இன்னொரு தடவை படித்தாள். பிறகு சமையலறைக்குள் போனாள். நெய் வாசனை வந்தது. முறுகலாக மூன்று தோசை, மல்லிச் சட்னி, திக்கான காப்பி எல்லாம் வரிசையாக வந்து செந்தூர்பாண்டியின் முன்னால் இறங்கின. அவள் ஏதோ பாட்டை முணுமுணுத்துக்கொண்டிருந்தாள். கல்யாணமாகி முதல் மாதம் அந்த முணுமுணுப்பைக் கேட்டிருக்கிறார்.

“வெரசா சாப்பிடுங்க. சாத்தூர் போய்ட்டு வந்துருவோம். இன்னைக்குக் கையெழுத்தைப் போட்டுர்றேன்.”

அவள் பட்டுச் சேலை கட்டிக்கொண்டு வந்தாள். செந்தூர்பாண்டி கிரயப் பத்திரத்தைப் பையில் வைத்துக்கொண்டு காரை எடுத்தார். பெட்ரோல் குறையும் என்று ஏசி போடுவதில்லை. அன்று போட்டார். வழி நெடுக, பதினொன்றில் எந்த ராசி வேலை செய்திருக்கும் என்று யோசித்துக்கொண்டே வந்தார். அவருடைய ஊகம் கும்பம்.

பத்திரப் பதிவு அலுவலகத்துக்கு எதிரில் பத்திர எழுத்தர் ஊர்க்காவலனின் கடை. அய்யாதுரை அங்கே முன்னாலேயே வந்து உட்கார்ந்திருந்தார். இவர் போன் போடாமலே அவர் வந்திருப்பதைச் செந்தூர்பாண்டி நல்ல சகுனமாக எடுத்துக்கொண்டார். பையைத் திறந்தார். ஊர்க்காவலன், அதெல்லாம் வேண்டாம், பத்திரம் தயாராக இருக்கிறது என்று மேசைமேல் ஒரு கட்டை வைத்தார். வாங்குகிறவர் தன் செலவில் புதிதாக அடித்துவிட்டார், அந்தச் செலவும் மிச்சம் என்று நினைத்துக்கொண்டார் செந்தூர்பாண்டி. பொன்னுத்தங்கம் ஒவ்வொரு பக்கத்தின் அடியிலும் நிதானமாகக் கையெழுத்துப் போட்டாள். சாட்சிக்கு இரண்டு பேர் வேண்டும் என்றார் ஊர்க்காவலன். இருபத்தாறு வருடமாக ஒரு காற்புள்ளியைக்கூடப் பிழை பார்க்காமல் மெஷினுக்கு அனுப்பாத மனிதர், கடைசிப் பக்கத்தை மட்டும் திருப்பி, காட்டிய இடத்தில் கையெழுத்துப் போட்டார்.

உள்ளே பதிவு அதிகாரி பத்திரத்தைப் புரட்டிவிட்டு வழக்கமாகக் கேட்பதைக் கேட்டார்.

“அச்சங்குளம் நாலு ஏக்கர். இருபத்தொன்பது வருசக் குத்தகை. காலி இடமாவே கிடக்கும், கட்டடம் எதுவும் கட்டக் கூடாது. வாடகை மாசாமாசம் உங்க பேர்ல இருக்கிற பேங்க் கணக்குக்கு வரும். சம்மதந்தானம்மா?”

“சம்மதம்” என்றாள் பொன்னுத்தங்கம்.

செந்தூர்பாண்டிக்கு முதலில் காதில் விழுந்தது அந்தச் சொல்தான். மற்றவை ஒவ்வொன்றாகப் பிறகு வந்து சேர்ந்தன. வாயைத் திறந்தார். விரல் ரேகை வைக்கும் மெஷினுக்கு நேராக அவரை நகர்ந்து நிற்கச் சொன்னார்கள். சாட்சியாகக் கையெழுத்துப் போட்டவர், இதில் எனக்குச் சம்மதமில்லை என்று எப்படிச் சொல்வது? பின்னால் பதினைந்து பேர் வரிசையில் நின்றார்கள்.

வெளியே வந்ததும் அய்யாதுரை விவரம் சொன்னார். விலையைப் பற்றி அண்ணாச்சி ஒரு முடிவும் சொல்லாததால் ஜனவரிக் கடைசியில் அக்காவுக்கே போன் போட்டாராம். முழு விலையைக் கேட்டதும் அக்கா அதை இன்னொரு தடவை சொல்லச் சொன்னாளாம். பிறகு ஒரு கணக்குச் சொன்னாளாம். உங்களுக்கு வேண்டியது நிலம் இல்லை, நிலம் சும்மா கிடப்பதுதான். அது இத்தனை வருடமாகச் சும்மாதான் கிடக்கிறது. அப்படிக் கிடப்பதற்கு வாடகை கொடுங்கள், நிலம் என்னிடமே இருக்கட்டும். அய்யாதுரைக்கும் மொத்தமாகப் பெரிய பணத்தைப் போட வேண்டாம். உடனே ஒத்துக்கொண்டார்.

“பத்திரம் அடிச்சுப் பதினஞ்சு நாளாச்சு அண்ணாச்சி. அக்காதான் நாள் சரியில்லை, நாள் சரியில்லைன்னு தள்ளிக்கிட்டே வந்தாக. இந்த வாரமும் தவறியிருந்தா ஆண்டிச்சாமிகிட்டப் போயிருப்பேன். காலையில போன் வந்துச்சு, கெளம்பி வான்னு.”

திரும்பும்போது கார் ஏசி ஓடவில்லை. நாலு கலர் மெஷினுக்குக் கொடுத்த அட்வான்ஸ் போய்விட்டது. நாளை மறுநாள் மாதக் கடைசி. சாத்தூர் எல்லையைத் தாண்டியதும் செந்தூர்பாண்டி முன்னால் சாலையைப் பார்த்தபடியே கேட்டார்.

“அது ஏன் இன்னைக்குப் போட்ட?”

“காலண்டர்ல வந்துருந்துச்சே.”

“சம்மதம்னா?”

“அது ரிஷபத்துக்கு. என் ராசிய நான் எதுக்குப் பாக்கணும்? என் பலன் உங்களுக்கு வாக்கப்பட்ட அன்னைக்கே தெரிஞ்சுபோச்சு. நான் பாக்குறது துலாத்தை.”

கார் ஒரு மேட்டில் ஏறி இறங்கியது.

“சனவரியில இருந்து உங்களுக்கு நல்லதாவே போட்டுட்டு வந்தாக. லாபம், வரவு, வெற்றி. அந்த நாள்ல நான் எதைச் செஞ்சாலும் அது உங்களுக்குத்தான வந்து சேரும்? எரிச்சலா இருந்துச்சு. விருந்துன்னு போட்டிருந்த அன்னைக்கு, எவ வீட்லயோ போய்த் திங்கட்டும்னு அடுப்பையே மூட்டல. ஓய்வுன்னு வந்த அன்னைக்குத்தான் தொட்டிக்குள்ள இறக்குனேன். இன்னைக்குத்தான் விரயம்னு போட்டாக. கண்ணாடி புதுசா இருந்ததால தெரிஞ்சுது, பொடி எழுத்து.”

“இருபத்தெட்டு வருசமாவா என் ராசியப் பாக்குற?”

“ஆமா. ஒரு நாளாவது ‘கண்டம்’னு போடுவாகளான்னு. போட மாட்டேங்காகளே.” தக்காளி விலை இறங்கவில்லை என்பதுபோலச் சொன்னாள்.

கண்டம் என்று ஏன் போடுவதில்லை என்பது செந்தூர்பாண்டிக்குத் தெரியும். தன் கடைப் பெயர் போட்ட காலண்டரில் வாடிக்கையாளருக்கு உயிர் ஆபத்து என்று இருப்பதை எந்த உரக்கடைக்காரரும் விரும்ப மாட்டார். நோட்டில் அந்தச் சொல் வந்தால் அச்சகத்தில் அதைக் கோடு போட்டு அடித்துவிட்டு ‘கவனம்’ என்று மாற்றுவார்கள். அடித்துக்கொண்டிருந்தது அவரே. இதை அவளிடம் சொல்ல முடியாது. சொன்னால் காலண்டர் யார் கையில் இருக்கிறது என்பதையும் சொல்ல வேண்டிவரும். அதற்குப் பிறகு ராசிபலனில் அவளுக்கு நம்பிக்கை போய்விடும்; வீட்டில் மிஞ்சியிருக்கும் ஒரே கைப்பிடியும் போய்விடும்.

மறுநாள் வெள்ளிக்கிழமை. பொன்னுத்தங்கம் கோயிலுக்குப் போனதும் போல்ட்டைக் கழற்றினார். இந்தத் தடவை ஏழு தாளையும் அச்சகத்தில் அவரே உட்கார்ந்து அடித்துக் கொண்டுவந்திருந்தார். மார்ச் ஒன்று, ஞாயிற்றுக்கிழமை, துலாம்: அவமானம்.

ஞாயிற்றுக்கிழமை காலையில் அவள் அதைப் படித்துவிட்டு, கறிக்கடைக்கு நேரமாகிவிட்டது என்று அவரை விரட்டினாள். மத்தியானம் ஆட்டுக்கறிக் குழம்பும் ஈரல் வறுவலும். இரண்டாம் தடவை சோறு போடும்போது, இன்றைக்கு வெளியே போகிறீர்களா, நாலு பேர் இருக்கிற இடமா என்று ஆவலாகக் கேட்டாள். திங்கட்கிழமைக்கு ‘அலைச்சல்’ போட்டிருந்தார். அன்று முட்டைக் குழம்பு. செவ்வாய்க்கிழமை, சோதிப்பதற்காகவே, ‘மகிழ்ச்சி’ என்று போட்டிருந்தார். அன்று பழைய சோறு, வெங்காயம்கூடக் கொடுக்கவில்லை.

பழுது பிடிபட்டுவிட்டது. ரிஷபத்தில் என்ன அச்சடித்தாலும் பயனில்லை, அதை அந்த வீட்டில் யாரும் படிப்பதில்லை. படிக்கப்படுவது துலாம். துலாத்துக்கு நல்ல சொல் போட்டால் பொன்னுத்தங்கத்துக்கு எரிச்சல், அடுப்பு பற்றாது. கெட்ட சொல் போட்டால் அவளுக்குச் சந்தோஷம், சந்தோஷம் வந்தால் சமைப்பாள். ஆகவே செந்தூர்பாண்டிக்குச் சோறு வேண்டுமானால், வாரம் ஏழு நாளும் தன் ராசிக்கு நேராகத் தன் கையாலேயே கெட்ட சொல்லை அச்சடிக்க வேண்டும். தெளிவாகத் தெரிகிற அளவில்.